'உங்கள் மீனின் மூளையைக் கேளுங்கள்' கிட்: வாங்கலாமா?

உள்ளங்கையில் அடங்கும் ஒரு பிளாஸ்டிக் பெட்டி, அதிலிருந்து கிளம்பும் மூன்று ஒயர், ஒரு குட்டி ஸ்பீக்கர், மொபைலில் செருக ஒரு கேபிள், ஒரு 9 வோல்ட் பேட்டரி. நரம்பின் மின்துடிப்பைச் சத்தமாக மாற்றிக் கொடுக்கும் ஆம்ப்ளிஃபையர் கிட் இது. பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்கும் மீன் வளர்ப்பவர்களுக்கும் என்று விற்கிறார்கள், அட்டையில் கொட்டை எழுத்தில் 'உங்கள் மீனின் மூளையைக் கேளுங்கள்' என்று போட்டிருக்கிறது. பிராண்டு பெயரை எழுதப்போவதில்லை. ஏறக்குறைய இதே சர்க்யூட்டை வேறு வேறு அட்டைப் பெட்டியில் போட்டு விற்கிறார்கள் என்பதால் பெயரைவிட உள்ளே இருப்பதுதான் முக்கியம்.

முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அட்டையில் இருக்கும் அந்த வாக்கியம் தொட்டியில் வளர்க்கிற கிட்டத்தட்ட எல்லா மீனுக்கும் பொய். ஆனால் மின்சாரம் விடும் சில மீன்களுக்கு, அதாவது மின்மீன்களுக்கு, அது அச்சு அசலாக உண்மை, அது ஏன் உண்மை என்று இதைத் தயாரித்தவர்களுக்கே தெரியவில்லையோ என்று சந்தேகமாக இருக்கிறது, ஏனென்றால் கையேட்டில் அதைப் பற்றி ஒரு வரி கூட இல்லை. அந்த மீன்களில் ஒன்று ஏற்கெனவே உங்களிடம் இருந்தால் வாங்கலாம். தங்கமீன், கப்பி, ஃபைட்டர், ஏஞ்சல் வைத்திருப்பவர்கள் இந்தப் பத்தியோடு நிறுத்திக்கொண்டு வேறு வேலையைப் பார்க்கலாம்.

சரி, தங்கமீனுக்கு ஏன் வேலை செய்யாது? தங்கமீனுக்கும் மூளை இருக்கிறது, அதில் நியூரான்கள், அதாவது நரம்புச் செல்கள், ஓயாமல் துடிக்கின்றன, எல்லாம் உண்மைதான். ஆனால் ஒரு நியூரானின் துடிப்பைச் செல்லுக்கு வெளியே, அதை ஒட்டியே மின்முனையை வைத்து அளந்தால் கூட பத்திலிருந்து சில நூறு மைக்ரோவோல்ட்தான் தேறும். கொஞ்சம் தள்ளிப்போனாலே அதுவும் கரைந்துவிடும். மண்டையோடு, தசை, தோல், அப்புறம் தொட்டித் தண்ணீர் என்று இத்தனையையும் தாண்டி ஓர் ஒயருக்கு வந்து சேர்வதற்குள் மிச்சம் எதுவும் இருக்காது. 1931இல் ஏட்ரியன், பாய்டெண்டைக் என்ற இரண்டு ஆராய்ச்சியாளர்கள் தங்கமீன் மூளைத்தண்டின் மின் அலைகளைப் பதிவு செய்தார்கள், ஆனால் எப்படி? மூளைத்தண்டைத் தனியாக வெளியே எடுத்து வைத்து. தொட்டிக்குள் இரண்டு ஒயரைத் தொங்கவிட்டு அல்ல. தங்கமீன் மூச்சுவிடும்போது செவுள் பக்கம் மெதுவாக ஏறி இறங்கும் ஒரு பலவீனமான மின்புலம் உண்டு, சுறாக்கள் இரையைக் கண்டுபிடிப்பது இந்த மாதிரிப் புலங்களை வைத்துத்தான். அதையாவது கேட்கலாமா என்றால் அதுவும் முடியாது. பெட்டிக்குள் சுமார் 300 ஹெர்ட்ஸுக்கு, அதாவது விநாடிக்கு 300 துடிப்புக்கு, கீழே வருவதையெல்லாம் வெட்டிவிடும் ஒரு ஃபில்டர் இருக்கிறது. செவுள் அசைவு ஒரு விநாடிக்கு ஓரிரு முறைதான். ஆக, தங்கமீன் தொட்டியில் நீங்கள் கேட்கப்போவது ஏர் பம்பின் உறுமலும் ஹீட்டரின் ரீங்காரமும்தான். அதைக் கேட்டுவிட்டு 'என் மீன் யோசிப்பது கேட்கிறது' என்று பரவசப்பட்டு ரிவ்யூ எழுதியிருக்கிறார்கள், நான் யாரையும் குத்திக்காட்டவில்லை.

இப்போது உண்மையாகிற இடத்துக்கு வருவோம். பிளாக் கோஸ்ட் நைஃப் ஃபிஷ் என்று கடைகளில் விற்பார்கள், கன்னங்கரேலென்று, வாலில் மட்டும் இரண்டு வெள்ளை வளையம், வயிற்றுக்கு அடியில் நீளமாக ஒரே துடுப்பு, முன்னும் பின்னும் ஒரே மாதிரி சறுக்கிக்கொண்டு போகும். அறிவியல் பெயர் அப்டெரோனோட்டஸ் அல்பிஃப்ரான்ஸ், சொந்த ஊர் தென் அமெரிக்க ஆறுகள். அது இருக்கும் தொட்டியில் இந்தப் பெட்டியின் இரண்டு மின்முனைகளையும் இரண்டு ஓரத்தில் தொங்கவிட்டு சுவிட்சைப் போட்டால் அடுத்த நொடியே ஒரு சுருதி கேட்கும். 'டிக் டிக்' இல்லை, 'சர்சர்' இல்லை. விசில் மாதிரி, ஒரே உயரத்தில், இடைவெளியே இல்லாமல் ஓடும் ஓர் ஒலி. அதிர்வெண் பெரும்பாலும் 1000 ஹெர்ட்ஸை ஒட்டி இருக்கும், மீனுக்கு மீன் கொஞ்சம் கூடக்குறைய. மீன் மின்முனைக்குப் பக்கத்தில் வந்தால் சத்தம் ஏறும், தள்ளிப்போனால் இறங்கும், மீனின் உடல் இரண்டு மின்முனைகளையும் சேர்க்கும் கோட்டுக்குக் குறுக்காகத் திரும்பினால் சட்டென்று அடங்கிப்போகும். ஆனால் சுருதி மட்டும் நகராது. மீன் சாப்பிட்டாலும், தூங்கினாலும், பயந்து குழாய்க்குள் ஒளிந்தாலும் அது ஓடிக்கொண்டேதான் இருக்கும். பிறந்து சில நாளில் தொடங்கினால் சாகும்வரை.

இந்தச் சத்தம் வாலை நோக்கி ஓடும் மின் உறுப்பிலிருந்து வருகிறது. மின்மீன்களில் பெரும்பாலானவற்றுக்கு இந்த உறுப்பு தசையிலிருந்து உருவானது: தசைச்செல்கள் சுருங்கும் வேலையை விட்டுவிட்டு, மின்சாரம் மட்டும் தரும் தட்டுகளாக அடுக்கப்பட்டிருக்கும். பிளாக் கோஸ்ட் குடும்பத்தில் மட்டும் கதை வேறு. வளர்ந்த மீனில் தசையிலிருந்து வந்த உறுப்பு கிடையாது, தண்டுவடத்திலிருந்து கிளம்பும் இயக்க நரம்புகளின் நார்களே மின் உறுப்பாக மாறிவிட்டன. குராரே என்று ஒரு விஷம் உண்டு, அம்பு முனையில் தடவுவது, நரம்பிலிருந்து தசைக்குப் போகும் செய்தியை அறுத்துவிடும். மற்ற மின்மீன்களுக்கு அதைக் கொடுத்தால் மின் உறுப்பு வாயடைத்துப்போகும், பிளாக் கோஸ்டுக்குக் கொடுத்தால் உடல் அசையாமல் கிடக்கும், சுருதி மட்டும் நிற்காமல் வந்துகொண்டிருக்கும். நடுவில் தசையே இல்லையே, எதை அறுப்பது?

அதற்கு மேலே முகுளத்தில், அதாவது மூளை தண்டுவடத்தோடு சேரும் அடிப்பகுதியில், ஒரு சிறிய நரம்பணுக் கூட்டம் தாளம் போடுகிறது. அங்கே ஒரு துடிப்பு, தண்டுவடத்தில் ஒரு துடிப்பு, மின் உறுப்பில் ஒரு துடிப்பு. ஒன்றுக்கு ஒன்று, விடுபடுவதே இல்லை. அதாவது ஸ்பீக்கரில் 1000 ஹெர்ட்ஸ் கேட்கிறதென்றால், அந்த மீனின் முகுளத்தில் இருக்கும் அந்தச் செல்கள் விநாடிக்கு 1000 தடவை துடிக்கின்றன என்று அர்த்தம். ஊசி குத்தவில்லை, வெட்டவில்லை, மீனைத் தொடக்கூட இல்லை, ஆனாலும் அதன் மூளைக்குள் குறிப்பிட்ட ஓர் இடம் என்ன வேகத்தில் ஓடுகிறது என்பதை நீங்கள் கேட்டுக்கொண்டிருக்கிறீர்கள். மனித மூளையின் மேற்புறணியில் ஒரு நியூரான் விநாடிக்குச் சில முறை, அவசரமென்றால் நூறு இருநூறு முறை துடிக்கும். இது ஆயிரம், அதுவும் ஓய்வே இல்லாமல். ஒழுங்கும் அபாரம்: ஒரு துடிப்புக்கும் அடுத்ததற்கும் இடையிலான நேரம் ஒரு மைக்ரோவிநாடி கூடப் பிசகாத அளவுக்குச் சீரானது என்று அளந்திருக்கிறார்கள். உயிருள்ள பொருட்களில் இவ்வளவு துல்லியமான கடிகாரம் மிக அரிது. அட்டையில் போட்ட வரி இந்த ஒரு மீனுக்குத்தான் எழுதப்பட்டிருக்கவேண்டும், கையேடோ பிளாக் கோஸ்டை 'சத்தம் போடும் மீன்களில் ஒன்று' என்று அரை வரியில் கடந்து போகிறது.

இந்தச் சுருதியை வைத்துச் செய்யக்கூடிய நல்ல சோதனை ஒன்று கையேட்டில் இல்லை, நானே சொல்கிறேன். தண்ணீரின் வெப்பநிலையைக் குறித்துக்கொண்டு, மொபைலில் ஏதாவது ஒரு ஸ்பெக்ட்ரம் ஆப்பில் அதிர்வெண்ணைப் பாருங்கள். பகலில் தண்ணீர் தானாகச் சூடேறும்போதும் இரவில் குளிரும்போதும் மறுபடி பாருங்கள். 1 டிகிரி செல்சியஸ் மாற்றத்துக்கு அதிர்வெண் ஏறக்குறைய 4, 5 சதவீதம் நகரும், அதாவது 40, 50 ஹெர்ட்ஸ். காதுக்கே வித்தியாசம் தெரியும். நியூரானின் சவ்வில் இருக்கும் அயனிக் கால்வாய்கள் திறந்து மூடும் வேகம் வெப்பத்தோடு கூடுவதுதான் காரணம். (ஹீட்டரைத் திருகி வேண்டுமென்றே சூடேற்றாதீர்கள், தானாக நடக்கும் மாற்றமே போதும்.) இரண்டு மீன்களை ஒப்பிடும்போதும் இதை நினைவில் வைக்கவேண்டும், ஒரு தொட்டி 25 டிகிரியிலும் இன்னொன்று 28 டிகிரியிலும் இருந்தால் ஒப்பீட்டுக்கே அர்த்தமில்லை.

கையேட்டில் என்னை எரிச்சலூட்டிய வரி ஒன்று இங்கே வருகிறது: 'சுருதி உயரமாக இருந்தால் ஆண், தாழ்வாக இருந்தால் பெண்.' இது பிளாக் கோஸ்டின் நெருங்கிய உறவான பிரவுன் கோஸ்டுக்கு, அதாவது அப்டெரோனோட்டஸ் லெப்டோரிங்கஸுக்குப் பொருந்தும் விஷயம். பிளாக் கோஸ்டில் போக்கு தலைகீழ், பெண்ணுக்குத்தான் சராசரி உயரம். கடையில் சுலபமாகக் கிடைப்பது பிளாக் கோஸ்ட். ஆக இந்த வரியை நம்பி ஜோடி சேர்த்தவர்கள் பாடு திண்டாட்டம்தான்.

இன்னொரு வரி: 'மீன் உலகத்தை எப்படி உணர்கிறதோ அதை நீங்கள் கேட்கிறீர்கள்.' இல்லை. ஒருவர் போனில் பேசும்போது பக்கத்தில் நிற்பவருக்கு அவர் பேசுவது மட்டும் கேட்கிற மாதிரிதான் இது. மீன் வெளியே விடும் மின்புலத்தை நாம் கேட்கிறோம், அதில் அதற்குத் திரும்பக் கிடைப்பது என்ன என்பது அதன் தோலில் ஆயிரக்கணக்கில் பதிந்திருக்கும் மின் ஏற்பிகளுக்குத்தான் தெரியும். பக்கத்தில் ஓர் உலோகத் துண்டு இருந்தால் மின்கோடுகள் அதை நோக்கி வளையும், அந்த இடத்துத் தோலில் மின்னழுத்தம் கொஞ்சம் ஏறும். பிளாஸ்டிக்கோ கல்லோ இருந்தால் கோடுகள் விலகிப்போகும், தோலில் ஒரு நிழல் விழும். ஏற்பிகள் பதிவு செய்வது இந்த ஏற்ற இறக்கத்தைத்தான். டாஃப்னியா என்ற நீர்ப்பூச்சி, மில்லிமீட்டர் கணக்கில்தான் இருக்கும், அதை இருட்டில் 2, 3 சென்டிமீட்டர் தூரத்திலேயே பிளாக் கோஸ்ட் கண்டுபிடித்து, பின்னால் நீந்தி, வாய்க்கு நேரே கொண்டுவந்து விழுங்கும். அந்தப் பூச்சி தோலில் உண்டாக்கும் மாற்றம் அவ்வளவு நுண்ணியது, உங்கள் ஸ்பீக்கரில் துளி வித்தியாசம் கூடத் தெரியாது. இந்தப் பெட்டி மட்டுமல்ல, தொட்டி ஓரத்தில் மின்முனை வைக்கும் எந்தப் பெட்டியாலும் முடியாது. ஆகவே அதைக் குறையாகச் சொல்லவில்லை, விளம்பரத்தைத்தான் குறை சொல்கிறேன்.

மீன் இப்படி 'பார்க்கிறது' என்பது எப்படித் தெரிந்தது என்று கேட்டால், ஹான்ஸ் லிஸ்மன் என்று கேம்பிரிட்ஜில் ஓர் ஆராய்ச்சியாளர். ஆப்பிரிக்காவின் ஜிம்னார்க்கஸ் மீன் பின்னால் நீந்தும்போது கூட எதிலும் முட்டாமல் போவதைக் கவனித்து, தண்ணீரில் மின்முனைகளைப் போட்டுப் பார்த்தார், ஓயாத மின் அலை. 1951இல் எழுதினார். பிறகு 1958இல் மாச்சினோடு சேர்ந்து செய்தது இன்னும் அழகு: வெளியே பார்க்க ஒரே மாதிரி இருக்கும் நுண்துளைக் கலயங்கள், ஒன்றுக்குள் தண்ணீர் மட்டும், இன்னொன்றுக்குள் கண்ணாடித் தண்டு. கண்ணுக்கும் மூக்குக்கும் எட்டாத அந்த வித்தியாசத்தை மீன் பிரித்தறிந்தது. அவர் அன்று தண்ணீரில் இரண்டு மின்முனை போட்டுக் கேட்ட வேலையைத்தான் இந்தக் கிட் செய்கிறது, அந்த அளவில் இதன் மேல் எனக்கு ஒரு மரியாதையே உண்டு.

இரண்டு நைஃப் ஃபிஷ் பக்கத்து பக்கத்துத் தொட்டியில் இருந்தால், இரண்டின் ஒயர்களையும் சேர்த்துக் கேட்டால் துடிதுடிப்பான ஒரு 'வாவ் வாவ்' கேட்கும். இரண்டு சுருதிக்கும் இடையிலான வித்தியாசம்தான் அது. கிளாஸ் நைஃப், அதாவது ஐகன்மேனியா, இதற்கு ரொம்ப உணர்ச்சிவசப்படும். பக்கத்து மீனின் அதிர்வெண் தன்னுடையதைச் சில ஹெர்ட்ஸ் அளவுக்கு நெருங்கினால் அதன் பார்வையே கலங்கிவிடும் என்பதால் ஒன்று மேலே நகரும், இன்னொன்று கீழே நகரும். 1963இல் வாதானபேயும் தகேதாவும் கண்டது இது, பிறகு வால்டர் ஹைலிகன்பெர்க் தன் வாழ்நாளின் பெரும்பகுதியை இதற்கே செலவழித்து ஏற்பியிலிருந்து நடுமூளை வழியாக முகுளத்துத் தாளக்காரச் செல்கள் வரை முழு வயரிங்கையும் பிரித்துக் காட்டினார். முதுகெலும்பு உள்ள விலங்குகளில் ஒரு நடத்தையை இப்படித் தொடக்கத்திலிருந்து முடிவு வரை நியூரான் நியூரானாகப் பின்தொடர்ந்த உதாரணங்கள் விரல் விட்டு எண்ணக்கூடியவை. எந்தப் பக்கம் நகரவேண்டும் என்று முடிவெடுக்க மீனுக்குத் தன் அதிர்வெண் என்ன, எதிராளியுடையது என்ன என்று தனித்தனியாகத் தெரியவேண்டியதில்லை, உடம்பின் வெவ்வேறு இடங்களில் கலவை அலை ஏறி இறங்கும் விதத்தையும் நேரம் முன்பின் ஆவதையும் ஒப்பிட்டாலே போதும். அந்த நேர வித்தியாசத்தை ஒரு மைக்ரோவிநாடிக்கும் குறைவான அளவில் உணரும். ஒரு நரம்புத் துடிப்பு ஏறி இறங்கவே ஒரு மில்லிவிநாடி ஆகும் என்று வைத்துக்கொண்டால் இது எவ்வளவு அதிசயம் என்று புரியும்.

கிட்டில் இதைச் சோதித்துப் பார்க்க ஓர் 'அவுட்புட்' ஜாக் கொடுத்திருக்கிறார்கள், மொபைலிலிருந்து ஒரு ஒலியைத் தண்ணீருக்குள் மின்சாரமாக அனுப்பலாம். யோசனை நல்லதுதான், செய்த விதம் மோசம். வால்யூமைக் குறைக்க ஒரு குமிழ் கூட இல்லை. மீன் தானே விடுவதைவிடப் பல மடங்கு பலமான சிக்னலை முகத்தில் அடித்தால் அது அதிர்வெண்ணை நகர்த்தாது, ஓடி ஒளியும். அதோடு பிளாக் கோஸ்ட் இந்த விஷயத்தில் ஒருதலைப்பட்சம், தன் சுருதியை ஏற்றிக்கொள்ளும், தாழ்த்திக்கொள்வது அபூர்வம். கையேட்டைப் படித்துவிட்டு இறங்கும் இறங்கும் என்று காத்திருந்து ஏமாறாதீர்கள். அந்த ஜாக்கை நான் டேப் போட்டு மூடிவிட்டேன்.

எலிஃபன்ட் நோஸ் வைத்திருப்பவர்களுக்கு இந்தப் பெட்டி இன்னும் பெரிய விருந்து, எனக்கு இதுதான் ரொம்பப் பிடித்தது. நத்தோனீமஸ் பீட்டர்சி, ஆப்பிரிக்க மீன், மோவாயில் யானைத் தும்பிக்கை மாதிரி நீட்டிக்கொண்டிருக்கும். இது சுருதி பாடாது, சொடுக்கும். ஒவ்வொரு சொடுக்கும் ஒரு மில்லிவிநாடிக்கும் குறைவு. சும்மா கிடக்கும்போது விநாடிக்குச் சில சொடுக்கு, ஒழுங்கில்லாமல். புழு ஒன்றைப் போட்டுப் பாருங்கள், தும்பிக்கை மணலைத் துழாவ ஆரம்பித்ததும் சொடுக்குகள் நெருங்கி நெருங்கி ஒரு 'டர்ர்ர்' ஆகிவிடும். தொட்டியில் புதிதாக ஒரு பொருளை வைத்தால், மீன் அதன் பக்கமே திரும்பாமல் இருக்கும்போது கூட, சொடுக்கு வேகம் சட்டென்று ஏறி மெதுவாக இறங்கும். கவனம் எங்கே போகிறது என்பதை ஸ்பீக்கர் காட்டிக்கொடுத்துவிடும். பிளாக் கோஸ்டின் சத்தம் சீராக இருப்பதாலேயே அது என்ன 'நினைக்கிறது' என்று எதுவும் தெரியாது. எலிஃபன்ட் நோஸ் விஷயத்தில் எப்போது சொடுக்கலாம் என்று மூளை எடுக்கும் முடிவே சொடுக்குகளின் இடைவெளியாக வெளியே வருகிறது.

அந்த மூளையும் லேசுப்பட்டதில்லை. சிறுமூளையின் ஒரு பகுதி பெருத்து மற்ற மூளைப் பகுதிகளை மூடிக்கொண்டு கிடக்கும். உடல் எடையில் மூளை சுமார் 3 சதவீதம், உடல் செலவழிக்கும் ஆக்ஸிஜனில் சுமார் 60 சதவீதத்தை அது ஒன்றே எடுத்துக்கொள்கிறது என்று அளந்திருக்கிறார்கள். மனித மூளைக்கு அது 20 சதவீதம்தான். இன்னொரு சாமர்த்தியம்: சொடுக்கு என்று கட்டளை போகும் அதே கணத்தில் அதன் நகல் ஒன்று உணர்வுப் பகுதிகளுக்கும் போகிறது. பக்கத்து மீன்களின் சொடுக்கைக் கேட்பதற்கென்றே இருக்கும் ஏற்பிகளின் பாதையை அந்த நகல் ஒரு நொடியின் சிறு துணுக்குக்கு அடைத்துவிடும், தன் சொடுக்கு தனக்கே அடுத்தவர் சொடுக்காகக் கேட்காமல் இருக்க. நம் உடலிலும் இதற்கு உறவான ஏற்பாடு உண்டு, நம்மை நாமே கிச்சுகிச்சு மூட்டிக்கொள்ள முடியாததற்கு அதைத்தான் காரணமாகச் சொல்கிறார்கள்.

பெட்டியின் எலக்ட்ரானிக்ஸுக்கு வருவோம். இது உண்மையில் பூச்சி நரம்புக்காகச் செய்யப்பட்ட ஆம்ப்ளிஃபையர், மீனுக்கு அப்படியே கைமாற்றி விட்டிருக்கிறார்கள். நரம்புத் துடிப்பு மைக்ரோவோல்ட் கணக்கில் என்பதால் கெயினை, அதாவது சிக்னலைப் பெருக்கும் அளவை, தாறுமாறாக ஏற்றி வைத்திருக்கிறார்கள். மின்மீனின் சிக்னலோ பக்கத்தில் மில்லிவோல்ட் கணக்கில், அதாவது பல மடங்கு பெரியது. விளைவு, மீன் நெருங்கி வந்ததும் அலையின் தலையும் காலும் வெட்டுப்பட்டு, விசில் மாதிரி வந்தது தேனீக் கூட்டம் மாதிரி கரகரக்கும். அது மீனின் குரல் இல்லை, பெட்டியின் திணறல். மின்முனைகளைத் தள்ளி வைத்தால் கொஞ்சம் சரியாகும். அதே 300 ஹெர்ட்ஸ் ஃபில்டர் கிளாஸ் நைஃபின் தாழ்ந்த சுருதிகளைப் பாதி விழுங்கிவிடும், 50 முதல் 150 ஹெர்ட்ஸ் வரை பாடும் ஸ்டெர்னோபைகஸ் மாதிரி மீன்களைச் சுத்தமாகத் துடைத்துவிடும். கெயினுக்கு ஒன்று, ஃபில்டருக்கு ஒன்று என்று இரண்டு சுவிட்ச் வைத்திருந்தால் தீர்ந்திருக்கும் பிரச்சினை.

மின்முனைகள் அதைவிட மோசம். செம்பு கிளிப்பை அப்படியே தண்ணீரில் போடச் சொல்கிறது கையேடு. செம்பு மீன்களுக்கு விஷம், பிளாக் கோஸ்டும் அதற்கு விதிவிலக்கில்லை. கிளிப்பைத் தண்ணீருக்கு மேலேயே நிறுத்தி, அதில் ஒரு கார்பன் தண்டையோ நல்ல ஸ்டெயின்லெஸ் ஸ்டீல் கம்பியையோ கவ்வவைத்துத் தொங்கவிடுங்கள். சத்தமும் தெளிவாக வரும்.

இரைச்சல் பற்றி ஒரு வார்த்தை. மின்கம்பியிலிருந்து வரும் 50 ஹெர்ட்ஸும் அதன் மடங்குகளும் தண்ணீரில் எப்போதும் மிதந்துகொண்டிருக்கும். கேட்கும் நேரம் மட்டும் ஹீட்டர், பம்ப், விளக்கு எல்லாவற்றையும் பிளக்கிலிருந்தே பிடுங்கிவிட்டு, முடிந்ததும் மறக்காமல் திரும்பச் செருகுங்கள். மொபைலைச் சார்ஜரில் போட்டுக்கொண்டு இணைக்கவே கூடாது, இரைச்சலுக்காக மட்டுமல்ல, தண்ணீருக்குள் போகும் ஒயர் அது என்பதற்காகவும்தான். பதிவு செய்யும்போது இன்னொரு வேடிக்கை நடக்கும். மொபைலில் பேச்சுக்காக இரைச்சலைக் குறைக்கும் வசதி இருக்கிறதே, அது மாறாமல் ஓடும் எந்த ஒலியையும் இரைச்சல் என்று முடிவு கட்டி அமுக்கிவிடும். பிளாக் கோஸ்டின் சுருதியை விட மாறாத ஒலி எது? முதல் சில விநாடி அருமையாகக் கேட்கும், பிறகு மெல்லத் தேய்ந்து காணாமல் போகும். மீன் செத்துவிட்டதோ என்று பதறவேண்டாம். அந்த வசதியை அணைக்க முடிகிற ரெக்கார்டிங் ஆப் ஒன்றைப் பிடியுங்கள், சத்தத்தைத் தானாக ஏற்றி இறக்கும் வசதியையும் சேர்த்து அணையுங்கள்.

கிட்டில் சொல்லியிருக்கும் கரப்பான்பூச்சிக் கால் சோதனை நன்றாக வேலை செய்கிறது, சொன்னேனே, பெட்டியே அதற்காகத்தான். ஐஸ் தண்ணீரில் பூச்சியை மயக்கி, ஒரு காலை எடுத்து, இரண்டு ஊசியைச் செருகிக் காலில் இருக்கும் முள்ளைத் தொட்டால் 'பட பட பட' என்று ஒலிக்கும். அழுத்தத்தைக் கூட்டினால் ஒவ்வொரு 'பட'வும் பெரிதாகாது, அடிக்கடி வரும். தொட்டபடியே வைத்திருந்தால் மெல்ல அடங்கும். நரம்பு தன் செய்தியைத் துடிப்பின் அளவில் சொல்வதில்லை, எண்ணிக்கையில் சொல்கிறது என்பது இதுதான். 1926இல் ஏட்ரியனும் ஜோட்டர்மனும் தவளைத் தசையை இழுத்துப் பார்த்துக் கண்ட அதே விஷயம், 1932இல் ஏட்ரியனுக்கு ஷெரிங்டனோடு சேர்த்து நோபல் பரிசு கிடைத்தது. இந்த ஒரு சோதனைக்காகப் பள்ளிக்கூடங்கள் இந்தக் கிட்டை வாங்கலாம்.

ஆனால் 'கண்ணாடியைத் தட்டி மீனின் திடுக்கிடலைக் கேளுங்கள்' என்ற சோதனையைக் கிழித்து எறியுங்கள். அதன் பின்னால் உள்ள விஷயம் சுவாரசியம்தான்: மீனின் பின்மூளையில் பக்கத்துக்கு ஒன்றாக இரண்டு ராட்சத நியூரான்கள், மௌத்னர் செல்கள் என்று பெயர், காதிலிருந்தோ, தண்ணீரின் அசைவை உணரும் பக்கக்கோட்டிலிருந்தோ திடீர் அதிர்ச்சி வந்தால் ஒன்று ஒரே ஒரு முறை துடிக்கும், எதிர்ப்பக்கத்துத் தசை முழுவதும் சுருங்கும், மீன் ஆங்கில 'சி' எழுத்து மாதிரி வளைந்து பாயும், எல்லாம் கண் இமைப்பதற்குள். வரிக்குதிரை மீன் குஞ்சுகளைச் சின்னக் கிண்ணத்தில் விட்டு, தண்ணீரில் இருக்கும் மின்முனை வழியாகவே இந்தத் துடிப்பை ஆய்வகங்களில் பதிவு செய்கிறார்கள். வீட்டுத் தொட்டியில் பெரிய மீனுக்கு அது கேட்காது, கேட்பதெல்லாம் நீங்கள் தட்டியதில் ஒயர் ஆடிய சத்தம். மீன் மட்டும் நிஜமாகவே திடுக்கிடும். எதற்கு?

அட்டைப் படத்தில் மின்விலாங்கு, அதாவது எலக்ட்ரிக் ஈல், வாயைத் திறந்து நிற்கிறது. 2019இல் தனி இனமாகப் பிரித்துச் சொல்லப்பட்ட எலக்ட்ரோஃபோரஸ் வோல்டாயிடம் 860 வோல்ட் அளந்திருக்கிறார்கள். இந்தப் பெட்டியின் இன்புட் அதைத் தாங்கும் என்று யாரும் நினைத்துவிடாமல் இருந்தால் சரி.

கிட்டுக்காக மின்மீன் வாங்காதீர்கள். பிளாக் கோஸ்ட் கடையில் விரல் நீளத்தில் அழகாக இருக்கும், 50 சென்டிமீட்டர் வரை வளரும், பெரிய தொட்டி, மங்கிய வெளிச்சம், ஒளிய இடம், சுத்தமான தண்ணீர் எல்லாம் கேட்கும். எலிஃபன்ட் நோஸ் கொடுத்த உணவைத் தொடாமல் மெலிந்து சாவது சகஜம். ஏற்கெனவே இவற்றை வளர்ப்பவர்கள், பூச்சி நரம்பு சோதனையும் வேண்டுமென்றால் கிட்டை வாங்கலாம், மீன் மட்டும் போதுமென்றால் அதுவும் தேவையில்லை. மைக் கேபிளின் இரண்டு முனையில் இரண்டு கார்பன் தண்டைக் கட்டி, பேட்டரியில் ஓடும் சாதாரண மைக் ஆம்ப்ளிஃபையரில் செருகினாலே சுருதி கேட்கும், மில்லிவோல்ட் சிக்னலுக்கு அது தாராளம், வால்யூம் குமிழும் இருக்கும். ஐந்துக்கு மூன்று நட்சத்திரம் கொடுக்கிறேன். சர்க்யூட்டுக்கு நான்கு, கையேட்டுக்கு ஒன்று. பேட்டரியைக் கழற்ற நான்கு ஸ்க்ரூ திருகவேண்டியிருப்பதையும் சேர்த்துத்தான் சொல்கிறேன்.